பாட்டியர் உரைக்கும் குடிவழி: கோபல்ல கிராமம், தலைமுறைகள், சங்கதி – ஓர் ஒப்பீட்டு வாசிப்பு

ஆய்வுச் சுருக்கம்

குடும்பத்தின் வேரையும் அக்குடும்பம் சார்ந்த சமூகத்தின் குடிவரவையும் அடுத்த தலைமுறைக்குக் கையளிப்பவளாகத் தமிழ்ப் புதினங்களில் பல இடங்களில் முதுபெண் ஒருத்தி அமைகிறாள். நீல. பத்மநாபனின் தலைமுறைகள் (1968), கி. ராஜநாராயணனின் கோபல்ல கிராமம் (1976), பாமாவின் சங்கதி (1994) ஆகிய மூன்றிலும் இவ்வமைப்பைக் காணலாம். இத்தகைய புதினங்களை இனவரைவியல் நோக்கில் அணுகும் ஆய்வுகள் பாட்டியைத் தகவல் தருபவளாகக் கொண்டு, அவள் கூறும் வழக்காறுகளைப் பட்டியலிடுவதோடு பெரும்பாலும் நின்றுவிடுகின்றன. குடிவழி பற்றிய நினைவு நிலவுடைமையைச் சார்ந்தும், பெண்ணின்மீது வழங்கப்படும் தீர்ப்பைச் சார்ந்தும் உருப்பெறுகிறது என்பதை இக்கட்டுரை இம்மூன்று பனுவல்களின்வழி நிறுவ முயல்கிறது. அவ்விரண்டையும் விலக்கிவிட்டு வழக்காறுகளை மட்டும் தொகுக்கும் வாசிப்பு, புதினத்தைச் சாதிப் பெருமையின் சான்றாவணமாக மாற்றிவிடும் என்பது இதன் முடிபு.

திறவுச்சொற்கள்: குடிவழி, குடிவரவுக் கதை, இனவரைவியல் புதினம், பாட்டி, நிலம், ஊர்ப் பஞ்சாயத்து

முன்னுரை

தமிழ்க் குடும்பங்களில் கொடிவழி சொல்லும் மரபு இருவகையாக இயங்குகிறது. ஒன்று பெயர்வரிசை. பாட்டனின் பெயரைப் பேரனுக்கு இடுதல், பங்காளிகளை வகையறாவாகப் பிரித்து எண்ணுதல், குலதெய்வக் கோயிலுக்கு வரி கட்டும் தலைக்கட்டுகளைக் கணக்கிடுதல் ஆகியன இதன்பாற்படும். பெயரன் என்பதே பேரன் என மருவியது என்பதை நினைவிற்கொண்டால் இவ்வரிசை எவ்வழியே செல்கிறது என்பது விளங்கும். மற்றொன்று கதை. எங்கிருந்து வந்தோம், ஏன் வந்தோம், வந்த இடத்தில் யார் இருந்தார்கள், எந்தத் தெய்வம் துணைநின்றது என்பவற்றைச் சொல்வது கதை. பெயர்வரிசையில் இடம்பெறுபவர் ஆண்கள். கதையைச் சொல்பவரோ பல வீடுகளில் பாட்டியர்.

இக்கட்டுரையாளரின் குடும்பத்தில் தந்தைவழி ஆண்களின் பெயர்கள் ஆறு தலைமுறைக்குச் சொல்லப்படுகின்றன. அவற்றைப் பிழையின்றி ஒப்பித்தவர் எங்கள் அப்பாயி. அவருடைய தாயைப் பெற்றவளின் பெயர் என்ன என்று கேட்டபோது அவரிடம் விடையில்லை. அப்படியொரு கேள்வியை ஒருவர் கேட்கக்கூடும் என்பதே அவருக்கு வியப்பாக இருந்தது. தன் கொடியின் பெயர்களை அறியாத ஒருவர் வேறொரு கொடியின் முழுப் பெயர்வரிசையையும் காத்துவந்திருக்கிறார். வேர் பற்றிய நினைவைச் சுமப்பவள் அந்த வேரில் எங்கே இருக்கிறாள் என்னும் வினா அங்கிருந்து தொடங்கியது. அவ்வினாவோடு மூன்று பனுவல்களை அணுகுகிறது இக்கட்டுரை.

இம்மூன்றும் தென்மாவட்டங்களைக் களமாகக் கொண்டவை. கோபல்ல கிராமம் கரிசல் நிலத்தில் குடியேறிய தெலுங்கு பேசும் நாயக்கர்களைப் பற்றியது. தலைமுறைகள் இரணியலில் வாழும் செட்டியார் சமூகத்தைப் பற்றியது. சங்கதி மேற்குத் தொடர்ச்சி மலையை ஒட்டிய ஊரொன்றின் கிறித்தவப் பறையர் சமூகப் பெண்களைப் பற்றியது. நிலமுடையோர், வணிகர், நிலமற்ற உழைப்பாளர் எனப் பொருளியல் நிலையில் மூன்றும் வேறுபடுகின்றன. ஆயினும் முதியவள் ஒருத்தியின் குரல் மூன்றிலும் ஒலிக்கிறது. வேறுபாட்டையும் ஒற்றுமையையும் அருகருகே வைத்துப் பார்க்க இத்தேர்வு இடமளிக்கிறது.

இனவரைவியல் வாசிப்பும் அதன் எல்லையும்

இளமுனைவர், முனைவர் பட்டங்களுக்கு அளிக்கப்பட்ட புதின ஆய்வேடுகளில் ஓர் இயலமைப்பு நிலைபெற்றுவிட்டது. ஆசிரியர் வரலாறு, புதினச் சுருக்கம், வாழ்க்கை வட்டச் சடங்குகள், வழிபாடு, நம்பிக்கைகள், உணவு, உடை, அணிகலன், விளையாட்டு, பழமொழி என அது விரியும். இவ்வமைப்பின் பயனை மறுப்பதற்கில்லை. வட்டார வழக்கும் மறைந்துவரும் புழங்குபொருட்களும் இத்தகைய தொகுப்புகளால் பதிவாகியுள்ளன. கி. ராஜநாராயணனே கரிசல் வட்டார வழக்குச் சொல்லகராதியை (1982) உருவாக்கியவர். தொகுத்தலின் அருமையை அறிந்த எழுத்தாளர் அவர்.

தொகுத்ததை எந்தத் தலைப்பின்கீழ் வைக்கிறோம் என்பதில்தான் சிக்கல் எழுகிறது. ஓர் எடுத்துக்காட்டுப் போதும். கோபல்ல கிராமத்தில் இடம்பெறும் பாம்படம், மேற்கண்ட இயலமைப்பில் அணிகலன்கள் என்னும் தலைப்பில் சேரும். அதன் வடிவமும் அணியும் முறையும் விளக்கப்படும். ஆனால் புதினத்தில் பாம்படம் ஒரு கொலைக்குக் காரணம். கணவனோடு பிணங்கித் தாய்வீடு நோக்கித் தனியே நடந்துவரும் கருவுற்ற பெண்ணொருத்தி நீர் அருந்த இறங்குகிறாள். அவள் காதில் கிடக்கும் பாம்படத்துக்காகவே கள்வன் அவளைக் கொல்கிறான். அந்த அணிகலன் பட்டியலுக்குள் நுழைந்ததும் கொலை மறைந்துவிடுகிறது.

பட்டியலிடும் இம்முறைக்கு நீண்ட வரலாறு உண்டு. எட்கர் தர்ஸ்டன் 1909இல் ஏழு தொகுதிகளாக வெளியிட்ட தென்னிந்தியக் குலங்களும் குடிகளும் என்னும் நூல் சாதிகளை அகரவரிசைப்படுத்தி, ஒவ்வொன்றின்கீழும் தோற்றக்கதை, திருமணம், இறப்பு, வழிபாடு எனத் தகவல்களை நிரப்பியது. ஆட்சியின் தேவைக்கு உகந்த வடிவம் அது. அதில் கதைகள் உண்டு, கதை சொன்னவர் இல்லை. யார் சொன்னார், எவரிடம் சொன்னார், எந்த மனநிலையில் சொன்னார் என்பன நீக்கப்பட்ட பிறகே கதை தகவலாகிறது. புதின ஆசிரியர்கள் இதற்கு எதிர்த்திசையில் இயங்கினர். கதையைச் சொல்பவளின் வாய்க்கே திருப்பித் தந்தனர். அவ்வாறு தரப்பட்டதை ஆய்வேடு மீண்டும் அவள் வாயிலிருந்து பிரித்து அட்டவணையாக்குமானால், புதினம் செய்த பணியை ஆய்வு அழித்துவிடுகிறது என்றே கூற வேண்டும்.

கோபல்ல கிராமம்: காக்கப்பட்ட பெண்ணும் எரிக்கப்பட்ட காடும்

கோபல்ல கிராமத்தில் குடிவரவுக் கதையைச் சொல்பவர் நூறு வயதைக் கடந்த மங்கத்தாயாரு அம்மாள். தெலுங்கு நாட்டில் வாழ்ந்த குடும்பத்தில் சென்னாதேவி என்னும் பேரழகி பிறக்கிறாள். அவளை அடைய விரும்புகிறான் துலுக்க ராஜா. அவளைக் காக்கும்பொருட்டுக் குடும்பத்தார் உடைமைகளை விட்டுவிட்டு இரவோடிரவாகத் தெற்கு நோக்கித் தப்பிவருகின்றனர். ஆறு குறுக்கிடும்போது கரையில் நின்ற மரம் வளைந்து பாலமாகிறது.

இக்கதை ஒரு குடும்பத்துக்கு மட்டும் உரியதன்று. தெலுங்கு பேசும் தொட்டியரிடையே வழங்கிய இதையொத்த கதையைத் தர்ஸ்டனும் பதிவு செய்திருக்கிறார். அதிலும் பெண்கேட்ட ஆட்சியாளரிடமிருந்து தப்பியோடுதல் உண்டு. ஆற்றின் இருகரையிலும் நின்ற பொங்கு மரங்கள் வளைந்து வழிவிடுதலும் உண்டு. நகரத்தார் மரபில் அரசனின் மதம் மாறுகிறது. காவிரிப்பூம்பட்டினத்தில் தம் பெண்டிருக்குச் சோழ மன்னன் இழைத்த கொடுமையே தம் இடப்பெயர்வுக்குக் காரணம் என்கிறது அவர்களது கதை. இரணியல் செட்டிமாரும் காவிரிப்பூம்பட்டினத்திலிருந்து வந்தோர் எனவே தம்மைக் கூறிக்கொள்கின்றனர். அரசன் எம்மதத்தவன் என்பது இக்கதைகளில் மாறும் உறுப்பு. குலத்தின் எல்லை பெண்ணுடலில் வரையப்படுவது மாறா உறுப்பு. ஆகவே இக்கதையை மதப்பகையின் வரலாற்றுச் சான்றாகக் கொள்வது அமைப்பை விட்டு மேற்பரப்பை வாசிப்பதாகும்.

இக்கதை இன்னொரு பணியையும் செய்கிறது. வந்தவர்களை அது ஏதிலிகளாக நிறுத்துகிறது. விசயநகர ஆட்சி தெற்கே விரிந்ததையும், 1529இல் விசுவநாத நாயக்கர் காலத்தில் மதுரை நாயக்கர் ஆட்சி அமைந்ததையும், பாளையங்கள் உருவானதையும் ஒட்டித் தெலுங்கு பேசும் குடிகள் பல தெற்கே பரவின. திருநெல்வேலிச் சீமையின் வேளாண் வரலாற்றை 1985இல் எழுதிய டேவிட் லட்டன் இக்குடிகள் கருமண் சார்ந்த வறண்ட நிலப்பகுதிகளில் குடியமர்ந்ததை விளக்குகிறார். அரசியல் விரிவாக்கத்தின் நிழலில் நடந்த குடியேற்றம், பாட்டியின் கதையில் ஒரு பெண்ணின் மானம் காக்கும் ஓட்டமாகச் சுருங்குகிறது. இதைப் பொய் எனத் தள்ள வேண்டியதில்லை. அந்தக் குடியேற்றத்தில் அஞ்சி ஓடியவர்களும் இருந்திருப்பர். எனினும் எது நினைவில் நின்றது, எது நிற்கவில்லை என்பதை ஆய்வாளர் கவனிக்க வேண்டும்.

வந்து சேர்ந்த இடம் கதையில் காடாக இருக்கிறது. காட்டை எரித்து, வேரைக் கல்லி, மண்ணைத் திருத்தி விளைநிலமாக்குகின்றனர். ராஜநாராயணனின் எழுத்தில் உழைப்பின் பெருமிதமும் எரியும் காட்டின் கொடுமையும் ஒருங்கே பதிவாகின்றன. குடிவரவுக் கதைக்கு ஆளற்ற காடு இன்றியமையாதது. ஆளற்ற நிலத்தில் முதலில் உழுதவருக்கே உரிமை என்னும் நியாயம் அதிலிருந்து பிறக்கிறது. இவ்வாறு பெண்ணின் மானமும் நிலத்தின் உரிமையும் ஒரே கதையின் இரு முனைகளாகின்றன. தப்பிவந்ததற்கு அவள் காரணம், தங்கியதற்கு நிலம் காரணம்.

ராஜநாராயணன் இந்தப் பெருமிதத்தை அப்படியே ஏற்றுக்கொண்டாரா என்பது அடுத்த வினா. புதினத்தின் அமைப்பே இதற்கு விடை தருகிறது. காக்கப்பட்ட சென்னாதேவியின் கதைக்கு முன்பாக, காக்கப்படாத பெண்ணொருத்தியின் கொலையை அவர் வைத்திருக்கிறார். நீரில் அமுக்கப்படும் நிலையிலும் கொலைஞனின் கால் பெருவிரலைக் கடித்து விடாமல் பற்றிய அப்பெண்ணுக்கு எந்தத் தெய்வமரமும் வளைந்து கொடுக்கவில்லை. தொன்மத்தின் பெண்ணையும் நிகழ்காலத்தின் பெண்ணையும் இவ்வாறு அடுத்தடுத்து வைத்ததில் ஆசிரியரின் விமரிசனம் அடங்கியிருக்கிறது. குடிவரவுக் கதையை மட்டும் பிரித்தெடுக்கும் வாசிப்பு இவ்விமரிசனத்தைத் தவறவிடுகிறது.

தலைமுறைகள்: திருப்பி அனுப்பப்பட்ட மகள்

இரணியல் 1956 நவம்பர் 1 வரை திருவிதாங்கூர்–கொச்சி மாநிலத்தில் இருந்த பகுதி. மொழிவழி மாநிலச் சீரமைப்பின்போது சென்னை மாநிலத்தோடு இணைந்தது. அவ்வட்டாரப் பேச்சுமொழியிலேயே பெரிதும் நடக்கும் தலைமுறைகள், அந்த இணைப்புக்குப் பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து வெளியாயிற்று. க.நா. சுப்ரமண்யம் இதனை ஆங்கிலத்தில் பெயர்த்தார்.

புதினம் திரவி என்னும் இளைஞனின் பார்வையில் நகர்கிறது. அவனுக்குக் குலத்தின் பழங்கதைகளைச் சொல்பவள் உண்ணாமலை ஆச்சி. குலத்தின் பெருமை, விழா, சடங்கு, விலக்கு ஆகியன அவள் சொல்லில் அவனுக்கு அறிமுகமாகின்றன. இந்தப் பகுதிகளே இனவரைவியல் ஆய்வுக்கு மிகுதியான தரவு தருபவை. திருமணச் சடங்கு பற்றிய தகவலைத் தேடுபவருக்கு இப்புதினம் ஒரு களஞ்சியம்.

ஆனால் புதினத்தின் மையத்தில் உள்ளது ஒரு திருமணத்தின் முறிவு. திரவியின் அக்காள் நாகம்மை மணமாகிச் சென்ற வீட்டிலிருந்து திருப்பி அனுப்பப்படுகிறாள். பெண்மைக்குரிய உடல் அவளிடம் இல்லை என்பது அவள்மேல் சுமத்தப்பட்ட பழி. கணவன் செவந்தபெருமாளின் சொல் அவளைப் பற்றிய உண்மையாக ஊரில் நிலைபெற்றுவிடுகிறது. சடங்குகள் அனைத்தும் முறைப்படி நடந்த திருமணம் அது. மரபில் ஒரு குறையும் வைக்கப்படவில்லை. அந்த மரபினிடம் அவளைக் காக்கும் வழியொன்றும் இல்லை என்பதே புதினம் முன்வைக்கும் கசப்பு.

மணச்சடங்குகளை விரிவாக வருணித்த ஆசிரியர், அதே விரிவோடு அம்மணம் முறிந்தபின் ஒரு வீட்டில் கவியும் மௌனத்தையும் எழுதுகிறார். இரண்டையும் சேர்த்து வாசித்தால் சடங்கு வருணனையின் பொருள் மாறுகிறது. ஒவ்வொரு சடங்கும் பெண்ணைப் பிறந்த வீட்டின் கணக்கிலிருந்து எடுத்துப் புகுந்த வீட்டின் கணக்கில் சேர்க்கும் நடவடிக்கை. புகுந்த வீடு அவளை மறுத்தால் எந்தக் கணக்கிலும் அவளுக்கு இடமில்லை. நாகம்மை வாழ்வது அந்த இடமின்மையில்.

திரவி அக்காள் மேலான பழியை ஏற்க மறுக்கிறான். அவளுக்கு மறுவாழ்வு தேட முனைகிறான். ஆச்சியின் கதைகளைக் கேட்டு வளர்ந்தவன் ஆச்சியின் உலகத்தோடு முரண்படுகிறான். இங்கு ஆச்சியைப் பழைமையின் உருவாகவும் திரவியைப் புதுமையின் உருவாகவும் பிரித்துவிடுவது எளிது. புதினம் அத்தனை எளிமையாக இல்லை. திரவிக்கு மனிதர்களின்மீது இரக்கத்தைக் கற்பித்தவையும் ஆச்சி சொன்ன கதைகளே. பெற்ற மரபின் ஒரு பகுதியைக் கொண்டு மற்றொரு பகுதியை எதிர்க்கிறான் அவன். தலைமுறைகள் என்னும் தலைப்பின் பன்மைக்கு இதுவே பொருள் எனலாம். தொடர்ச்சியும் பிணக்கும் சேர்ந்தே ஒரு தலைமுறையை மற்றொன்றோடு இணைக்கின்றன.

சங்கதி: நிலமற்ற குடிவழி

பாமாவின் சங்கதி, தொடர்கதைக் கட்டுக்கோப்பின்றிப் பல பெண்களின் நிகழ்வுகளைக் கோத்து எழுதப்பட்டது. அவற்றில் பலவற்றைச் சொல்பவள் வெள்ளையம்மா கிழவி. ஊரில் பிள்ளைப்பேறு பார்ப்பவள் அவள். எல்லா வீட்டுப் பிள்ளைகளும் அவள் கைவழியே பிறக்கின்றனர். மங்கத்தாயாரு அம்மாளையும் உண்ணாமலை ஆச்சியையும் போலவே இவளும் பேத்திக்குக் கதை சொல்கிறாள். கதைகளின் இயல்பு மட்டும் முற்றிலும் வேறாகிவிடுகிறது.

முதலாவதாக, இவளிடம் குடிவரவுக் காவியம் இல்லை. இடப்பெயர்வு உண்டு. வெள்ளையம்மாவின் கணவன் பிழைப்புக்காகக் கண்டிச்சீமைக்குப் போனவன், திரும்பவேயில்லை. பஞ்சம் வந்தபோது அவள் தாலியைக் கழற்றி விற்றுப் பிள்ளைகளைக் காப்பாற்றினாள். பத்தொன்பதாம் நூற்றாண்டு தொடங்கிக் கங்காணிகளால் இலங்கைத் தோட்டங்களுக்குத் திரட்டப்பட்டவர்களில் தென்மாவட்டங்களின் நிலமற்ற குடிகள் பெருந்தொகையினர். அவர்களும் ஊர்விட்டுப் போனவர்கள். நீர் கடந்தவர்கள். காட்டை வெட்டித் தோட்டமாக்கியவர்கள். ஆயினும் அந்தக் காடு அவர்களுக்கு உரிமையாகவில்லை. ஆகவே ஊரில் எஞ்சிய குடும்பத்தின் நினைவில் அப்பயணம் ஒரு காவியமாகாமல், ஒருவன் வராமற்போன செய்தியாகவே தங்குகிறது. கோபல்ல கிராமத்தின் இடப்பெயர்வும் சங்கதியின் இடப்பெயர்வும் அருகருகே வைக்கப்படும்போது, பயணம் தொன்மமாவதற்கு அதன் முடிவில் நிலம் இருக்க வேண்டும் என்பது தெளிவாகிறது.

தாலியை விற்ற நிகழ்வைத் திருமணச் சடங்கு என்னும் தலைப்பில் எங்கே வைப்பது? தாலியின் புனிதம் பற்றிய பத்தியில் இதற்கு இடமிருக்காது. வெள்ளையம்மாவுக்கு அது உணவாக மாறிய பொன். அதன்பின் அவள் தாலி அணியவுமில்லை. அவளுடைய கதையில் பெருமை இருக்குமானால் அது பிள்ளைகள் பிழைத்த பெருமை.

இரண்டாவதாக, அவள் சொல்லும் பேய்க்கதை. வேற்றுச் சாதி இளைஞனோடு சென்ற எசக்கி என்னும் பெண்ணை உடன்பிறந்த ஆண்களே நயமாகப் பேசி அழைத்துவந்து கொன்றுவிடுகின்றனர். கருவோடு கொல்லப்பட்டவள் பேயாகிறாள். சென்னாதேவி கதையில் உறவினர் பெண்ணைக் காக்க ஊரைத் துறக்கின்றனர். எசக்கி கதையில் உறவினர் மானத்தைக் காக்கப் பெண்ணைக் கொல்கின்றனர். இரண்டும் ஒரே விழுமியத்தின் இரு விளைவுகள். முதற்கதை குலத்தின் வரலாறாகக் கொண்டாடப்படுகிறது. இரண்டாவது, இருட்டில் பெண்பிள்ளைகளை அச்சுறுத்தும் கதையாக வழங்குகிறது. கேட்ட பேத்தி அதை அச்சத்தோடு நிறுத்திக்கொள்ளாமல், பேய்பிடித்தல் ஏன் பெண்களுக்கே நேர்கிறது என ஆராயத் தலைப்படுகிறாள். ஆச்சியிடமிருந்து பெற்றதைத் திரவி மறுவாசிப்புச் செய்வது போன்றதே இதுவும்.

வெள்ளையம்மாவைப் புரட்சிக் குரலாகக் காட்டுவதும் பொருந்தாது. பெண்பிள்ளைகள் அடங்கியிருக்க வேண்டும் என அவளே அறிவுறுத்தும் இடங்கள் உண்டு. நினைவைச் சுமப்பவள் அதன் சுமையையும் கையளிக்கிறாள்.

நீர்நிலையும் தீர்ப்பும்

மூன்று பனுவல்களையும் இணைக்கும் மற்றொரு கூறு, பெண்ணின்மீது ஊர் வழங்கும் தீர்ப்பு. கோபல்ல கிராமத்தில் நீரருந்த இறங்கிய பெண் கொல்லப்படுகிறாள். கொலைஞன் பிடிபட்டுக் கோட்டையார் வீட்டுப் பெரியவர்கள் முன்னிலையில் விசாரிக்கப்பட்டுக் கழுவேற்றத்துக்கு உள்ளாகிறான். சங்கதியில் விறகு சேர்த்துவரும் மாரியம்மா தாகத்துக்கு நீர் குடிக்கப் பம்புசெட்டுக்குப் போகிறாள். நிலவுடைமையாளன் ஒருவன் அவளிடம் தகாத முறையில் நடக்க முற்படுகிறான். அவள் தப்பிவிடுகிறாள். அவனோ முந்திக்கொண்டு, அவள் தன் சாதி இளைஞன் ஒருவனோடு தவறாக நடந்ததாகச் சாதித் தலைவரிடம் பழி சொல்லிவிடுகிறான். பஞ்சாயத்து கூடுகிறது. மாரியம்மாவுக்கு 200 ரூபாயும் அந்த இளைஞனுக்கு 100 ரூபாயும் தண்டம் விதிக்கப்படுகிறது. உண்மை அறிந்த பெண்கள் சபையில் பேச இயலவில்லை.

நீர்நிலையருகே தனித்த பெண் என்னும் ஒரே சூழலிலிருந்து இரண்டு தீர்ப்புகள் பிறக்கின்றன. கொல்லப்பட்டவளுக்கு நீதி கிடைக்கிறது. உயிரோடு வந்து உண்மையைச் சொன்னவளுக்குத் தண்டம் கிடைக்கிறது. இதோடு நாகம்மையையும் சேர்த்து எண்ணலாம். அவளும் உயிரோடிருப்பவள், தன் உடலைப் பற்றிய உண்மையை அறிந்த ஒரே ஆள். அவள் சொல் எடுபடவில்லை.

வேறுபாட்டுக்குச் சாதியும் நிலமும் காரணங்கள். கோபல்ல கிராமத்தில் தீர்ப்புச் சொல்வோர் நிலத்துக்கு உரியவர்கள். குற்றவாளியோ வெளியிலிருந்து வந்த கள்வன். எனவே அவர்களால் நீதிமான்களாக இருக்க முடிகிறது. சங்கதியில் தீர்ப்புச் சொல்வோர் நிலமற்றவர்கள். குற்றவாளி நிலத்துக்கு உரியவன். அவனைக் குற்றவாளி என்றால் மறுநாள் வேலையில்லை. பாமாவின் கருக்கு (1992) காட்டும் ஊரில் நிலத்தின் பெரும்பகுதி நாயக்கர் கையில் இருப்பதும், பாட்டியர் அவர்களின் வீடுகளிலும் வயல்களிலும் வேலை செய்வதும் இங்கு நினைக்கத்தக்கன. ஒரு புதினத்தில் காடு திருத்திய முன்னோரின் வீரமாக இருப்பது, மற்றொரு பனுவலில் கூலிக்கு நிற்கும் வரப்பாக இருக்கிறது. இவ்விரண்டையும் தனித்தனிச் சாதிகளின் இனவரைவியலாகத் தனித்தனி ஆய்வேடுகளில் எழுதிக்கொண்டிருந்தால், இரண்டும் ஒரே மண்ணின் கதை என்பது ஒருபோதும் தெரியவராது.

சாதியும் நிலமும் முழு விளக்கமாகிவிடுவதில்லை என்பதற்கு நாகம்மையே சான்று. வணிகக் குடும்பத்தின் மதிப்பும் வீடும் வாசலும் அவளைக் காக்கவில்லை. பறையர் பஞ்சாயத்தில் ஆணுக்கு விதித்ததைப்போல் இருமடங்கு தண்டம் பெண்ணுக்கு விதிக்கப்பட்டதற்கு நிலவுடைமையாளனின் அச்சுறுத்தல் மட்டும் காரணமன்று. ஒவ்வொரு குடிவழியும் தன் மதிப்பைப் பெண்ணின்மீது எழுதிவைத்திருக்கிறது. அந்த எழுத்தின் விலை நிலத்துக்கேற்ப மாறுகிறது.

ஆய்வாளரின் இடம்

இன்று தத்தம் சமூகத்தைப் பற்றிய புதினங்களை அச்சமூகத்தைச் சேர்ந்த மாணவர்களே ஆய்வுக்கு எடுப்பது பெருகியுள்ளது. முதல் தலைமுறைப் பட்டதாரிகள் பலர் தம் வீட்டுச் சொற்களை அச்சில் கண்ட மகிழ்ச்சியோடு இத்துறைக்கு வருகின்றனர். இது வரவேற்கத்தக்கது. அதே வேளையில், சாதிச் சங்க மலர்களிலும் குலதெய்வக் கோயில் மலர்களிலும் புதினங்களிலிருந்து குடிவரவுக் கதைகள் வரலாறாக எடுத்தாளப்படும் சூழலும் நிலவுகிறது. வழக்காறுகளை மட்டும் திரட்டித் தரும் ஆய்வேடு, ஆய்வாளர் விரும்பினாலும் விரும்பாவிட்டாலும், அத்தகைய மலருக்கு உரிய கட்டுரையாகிவிடக் கூடும்.

இதனைத் தவிர்க்க மூன்று வினாக்கள் உதவும். குடிவழிக் கதையைப் பனுவலில் யார் யாரிடம் சொல்கிறார்? அக்கதை நிகழும் நிலம் யாருடையது, அதில் உழைப்பவர் யார்? கதையில் போற்றப்படும் பெண்ணுக்கும் பனுவலின் நிகழ்காலத்தில் வாழும் பெண்ணுக்கும் இடையே உள்ள தொலைவு என்ன? சடங்கு, அணிகலன், உணவு என எத்தலைப்பில் தரவு திரட்டினாலும் அத்தரவு இடம்பெறும் நிகழ்ச்சியோடு சேர்த்தே அதனை எழுதுதல் வேண்டும். பாம்படத்தைக் கொலையோடும், தாலியைப் பஞ்சத்தோடும், மணச்சடங்கை நாகம்மையின் திரும்புகையோடும் வைத்து எழுதும்போதே இனவரைவியல் இலக்கியத் திறனாய்வாகிறது.

முடிவுரை

மேற்கண்ட வாசிப்பால் பின்வரும் முடிவுகள் பெறப்படுகின்றன. குடிவழிக் கதை, குலத்தின் மானத்தைப் பெண்ணுடலிலும் குலத்தின் உரிமையை நிலத்திலும் நிறுத்துகிறது. நிலமுள்ள குடியின் இடப்பெயர்வு தொன்மமாகிறது, நிலமற்ற குடியின் இடப்பெயர்வு இழப்பாகத் தங்குகிறது. தொன்மத்தில் காக்கப்படும் பெண்ணுக்கு எதிரே, நிகழ்காலத்தில் காக்கப்படாத பெண்ணொருத்தியை மூன்று பனுவல்களும் நிறுத்துகின்றன. அவற்றின் விமரிசன ஆற்றல் இவ்வெதிர்நிலையில் உள்ளது. பாட்டி இதில் தகவல் தருபவள் மட்டுமல்லள். மரபைக் காப்பவளாகவும் அதனால் காயப்பட்டவளாகவும் ஒருங்கே நிற்பவள். அவள் சொல்வதை எழுதிக்கொள்ளும் பேரனும் பேத்தியும் அதை அப்படியே சுமப்பதில்லை. திரவியும் சங்கதியின் பேத்தியும் காட்டுவது போல, பெற்றதைக் கேள்விக்கு உட்படுத்துவதும் மரபைப் பெறும் வழிகளில் ஒன்று.

இவ்வாய்வு மூன்று பனுவல்களோடு நிற்கிறது. கோபல்லபுரத்து மக்கள், பூமணியின் அஞ்ஞாடி, ஜோ டி குரூஸின் கொற்கை முதலிய பல தலைமுறைப் புதினங்களுக்கும் இவ்வினாக்களை விரிக்கலாம். களஆய்வில் ஈடுபடுவோர் பெயர்வரிசையைக் கேட்டு எழுதும்போது, அதை ஒப்பிக்கும் முதுபெண்ணின் தாய்வழிப் பெயர்களையும் ஒரு பத்தியில் கேட்டு எழுதுவாராயின், விடை கிடைக்காத இடங்களும் தரவாகப் பதிவுபெறும். அந்த வெற்றிடங்களும் குடிவழியின் பகுதியே.